வெள்ளரித் தயிர்ப் பச்சடி: காவிரிப் படுகையில் ஒரு தொடுகறியின் வரலாறு

தயிர்ப் பச்சடி என்பது பச்சைக் காயையோ அரைவேக்காட்டுக் காயையோ பொடியாக நறுக்கி, உப்பிட்டு, தயிரில் கலந்து, கடுகு தாளித்துச் செய்யும் தொடுகறி ஆகும். வெள்ளரிக்காய், வெண்டைக்காய், வாழைத்தண்டு, பூசணி, மாதுளை முத்து என்று எதிலும் செய்யலாம். தஞ்சை, கும்பகோணம், மன்னார்குடி, மாயவரம் பக்கத்துக் கலியாண இலைகளில் முதலில் விழும் பதார்த்தங்களில் இதுவும் ஒன்று. இக்கட்டுரை அவற்றுள் வெள்ளரித் தயிர்ப் பச்சடியை எடுத்துக்கொள்கிறது.

இதை இப்போது எழுதக் காரணம் உண்டு. தஞ்சாவூரிலும் கும்பகோணத்திலும் ஷவர்மா, ரோல், 'ராப்' விற்கும் கடைகள் இன்று தெருவுக்குத் தெரு வந்துவிட்டன. அவற்றில் தடவப்படுவது பெரும்பாலும் மயோனைஸ். பச்சை முட்டையில் செய்த மயோனைஸால் நோய்க்கிருமிகள் பரவும் அபாயத்தைச் சொல்லி, தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்கு அதைத் தடை செய்தது. அதன் இடத்தில் எதை வைப்பது என்று வீட்டில் பிள்ளைகள் கைப்பேசியில் தேடும்போது கிடைப்பது கிரேக்கர்களின் 'ஜாட்ஸிகி': வடித்த தயிர், வெள்ளரி, பூண்டு, உப்பு, ஆலிவ் எண்ணெய். படித்துப் பார்த்துவிட்டு, "இது நம்ம பச்சடிதானே?" என்று பாட்டிமார் கேட்கிறார்கள். கேள்வி நியாயமானது. பதில்தான் பாதி ஆம், பாதி இல்லை. அந்த இல்லை என்ற பாதிக்குள் நெல் விளையும் நாட்டின் கதை முழுவதும் இருக்கிறது.

பெயர்

'பச்சடி' தமிழுக்கு மட்டும் உரிய சொல் அன்று. தெலுங்கில் பச்சடி என்றால் துவையல், தொக்கு வகைகளையும் குறிக்கும். மலையாளத்தில் தேங்காயும் கடுகும் அரைத்துத் தயிர் சேர்த்தது பச்சடி. தமிழ் வழக்கிலேயே மாங்காய்ப் பச்சடியில் தயிர் கிடையாது, வெல்லம் உண்டு. எனவே 'தயிர்ப் பச்சடி' என்று அடைமொழி கொடுத்துச் சொல்வதே சரி. தயிரை 'உறை குத்துதல்' என்றும் 'தோய்த்தல்' என்றும் சொல்கிறோம். இவற்றுள் தோய்த்தல் மிகப் பழைய சொல். கோயில் கல்வெட்டுகளில் இறைவனுக்குப் படைக்கும் தயிரைக் குறிக்கும் இடத்திலும் அது வருகிறது. "பாலைத் தோய்த்தாயிற்றா?" என்று இன்றும் இரவில் கேட்கும் வீடுகள் படுகையில் உண்டு.

சங்க நூல்களில் தயிர்

தமிழில் தயிரைப் பற்றிப் பேசுவோர் முதலில் நினைப்பது குறுந்தொகையின் 167ஆம் பாட்டு. பாடியவர் கூடலூர் கிழார். புதிதாக மணமாகிப் போன பெண், முற்றிய தயிரைத் தன் கையாலேயே பிசைகிறாள். அந்தக் கையை உடுத்திய துணியிலேயே துடைத்துக்கொள்கிறாள். தாளிப்புப் புகை கண்ணில் படிய, புளிப்பான குழம்பைத் தானே துழாவிச் சமைக்கிறாள். கணவன் 'நன்றாயிருக்கிறது' என்று உண்ண, அவள் முகம் மெல்ல மலர்கிறது. பார்த்துவிட்டு வந்த செவிலி, பெற்ற தாயிடம் சொல்வதாக அமைந்த பாட்டு இது. இலக்கியச் சுவையை ஒருபுறம் வைத்துவிட்டு, சமையல்காரர் கண்ணால் பார்த்தால் நமக்கு மூன்று செய்திகள் கிடைக்கின்றன. தயிர் கையால் பிசையும் அளவுக்குக் கட்டியாக இருந்தது. புளிப்பு குறையாக அன்று, சுவையாகவே எண்ணப்பட்டது. தாளிப்பு அன்றே இருந்தது. இது மோர்க்குழம்பின் முன்னோடி என்பார் பலர். பச்சடிக்கும் இது தூரத்து உறவு அன்று.

பத்துப்பாட்டில் ஒன்றான பெரும்பாணாற்றுப்படை இன்னும் விரிவான செய்தி தருகிறது. இதைப் பாடிய கடியலூர் உருத்திரங்கண்ணனார்தான் காவிரிப்பூம்பட்டினத்தைப் பாடிய பட்டினப்பாலைக்கும் ஆசிரியர். பெரும்பாணாற்றுப்படையின் ஆய்மகள் விடியலில் தயிர் கடைகிறாள். வெண்ணெயை எடுத்துவிட்டு மோரைத் தலையில் சுமந்துபோய் ஊருக்குள் விற்கிறாள். மோர் விற்று வந்த உணவில் சுற்றத்தாரோடு உண்கிறாள். நெய்க்கு விலையாகப் பொன் கொடுத்தால் வாங்க மறுக்கிறாள். பொன்னுக்குப் பதில் எருமையும் பசுவும் கேட்கிறாள்! வகுப்பில் இந்தப் பகுதியை நடத்தும்போது, "இவளுக்கு வணிகம் தெரியுமா, தெரியாதா?" என்று கேட்பது என் வழக்கம். தெரியும் என்பதே என் கருத்து. பொன் கன்று ஈனாது. மோர் அன்றாடச் சோற்றுக்கு, நெய் முதலீட்டுக்கு என்ற அவளுடைய கணக்கு இருபதாம் நூற்றாண்டு வரை நம் ஊர்களில் மாறவில்லை. இந்தக் கணக்கைப் பின்னால் மறுபடி பார்ப்போம்.

அதே நூலில் அந்தணர் இல்லத்து விருந்தில் ஒரு பதார்த்தம் வருகிறது: மாதுளம் பிஞ்சைப் பிளந்து, மிளகும் கறிவேப்பிலையும் சேர்த்து, பசு மோரிலிருந்து எடுத்த வெண்ணெயில் வெதுப்பியது, கூடவே மாவடு ஊறுகாய். மிளகு, கறிவேப்பிலை, மாதுளை, பால்படு பொருள் என்ற கூட்டு எவ்வளவு பழையது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

கண்ணகி சமைத்த கடைசிச் சமையல்

வெள்ளரியும் பால்படு பொருளும் ஒரே அடுக்களையில் சேர்ந்து நிற்பதைக் காண, சிலப்பதிகாரத்தின் கொலைக்களக் காதைக்குப் போக வேண்டும். நடப்பது மதுரையில், சமைப்பவள் புகாரில் பிறந்து வளர்ந்த காவிரி நாட்டுப் பெண். இடைச்சேரியில் அடைக்கலம் கொடுத்த மாதரி, கோவலனும் கண்ணகியும் சாவக நோன்பிகள் என்பதால் அவர்கள் முறைப்படி சமைத்துக்கொள்ளப் புதுக் கலங்களும் பொருள்களும் தருகிறாள். பலாக்காய், வளைந்து வரியோடிய வெள்ளரிக்காய், மாதுளங்காய், மாம்பழம், வாழைப்பழம், செந்நெல் அரிசி, கூடவே தங்கள் மாடுகள் தந்த பால்படு பொருள்கள். மாதரியின் மகள் ஐயை வைக்கோல் கொளுத்தி அடுப்பு மூட்டுகிறாள். பழக்கமில்லாத கண்ணகி காயை அரிந்து விரல் சிவக்கிறாள்; முகம் வியர்க்கிறது.

அவள் என்னென்ன பதார்த்தம் செய்தாள் என்று இளங்கோவடிகள் பெயர் சொல்லவில்லை. ஆனால் ஆயர் வீட்டுத் தயிர் நெய்யும், வெள்ளரியும், மாதுளையும், அரிசியும் கையில் இருக்கும் படுகைப் பெண் என்ன செய்வாள் என்று நம் ஊர்ப் பெண்களைக் கேட்டால் ஒரே பதில்தான் வரும். அந்தச் சாப்பாட்டை வாழைக் குருத்தில் உண்டு எழுந்துதான் கோவலன் சிலம்பை விற்கக் கடைத்தெருவுக்குப் போனான்.

யவனர் கொண்டுவந்தார்களா?

ஜாட்ஸிகியையும் பச்சடியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததும், "யவனர்தான் கற்றுக்கொடுத்திருப்பார்கள்" என்று சிலர் எழுதிவிடுகிறார்கள். "நம்மிடமிருந்துதான் கொண்டுபோனார்கள்" என்று வேறு சிலர். இரண்டும் ஆர்வக்கோளாறு.

யவனர் இங்கே வந்தது உண்மை. புகாரில் யவனர் இருக்கைகள் இருந்ததைச் சிலப்பதிகாரம் சொல்கிறது. கிரேக்க நிலநூலார் தாலமி 'கபேரிஸ்' என்று குறித்த துறைமுகம் காவிரிப்பூம்பட்டினமே. புதுச்சேரிக்கு அருகில் அரிக்கமேட்டில் 1945இல் மார்ட்டிமர் வீலர் நடத்திய அகழாய்வில் மத்தியதரைக் கடல் நாட்டுச் சாடிகளின் உடைசல்கள் கிடைத்தன. அவை திராட்சை மது, ஆலிவ் எண்ணெய், 'காரம்' எனப்பட்ட மீன் ரசம் ஆகியவற்றைச் சுமந்து வந்த சாடிகள். (இந்தக் 'காரம்' லத்தீன் சொல், நம் மிளகாய்க் காரத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை.) ஆக, ஜாட்ஸிகியில் சேரும் ஆலிவ் எண்ணெய் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே சோழ மண்டலக் கரையில் இறங்கியிருக்கிறது. ஆனால் தயிர் கப்பலேறும் சரக்கு அன்று. அது அந்தந்த வீட்டில் முந்தைய நாள் தயிரைக் கொண்டு தோய்த்து மறுநாளே தின்று முடிக்க வேண்டியது.

கிரேக்கருக்கும் புளித்த பால் பழையதே. மருத்துவர் காலன் அதை 'ஆக்ஸிகலா' என்ற பெயரில் குறிப்பிடுகிறார். இன்று உலகெங்கும் வழங்கும் 'யோகர்ட்' துருக்கிச் சொல். ஜாட்ஸிகி என்ற பெயரும் துருக்கியரின் 'ஜாஜிக்' என்பதிலிருந்து வந்தது. அதை வைத்துச் சுற்றித் தரும் 'யீரோ' என்ற இறைச்சிச் சுருளும் துருக்கிய டோனரின் உறவு. 1922க்குப் பின் ஆசியா மைனரிலிருந்து கிரேக்கத்துக்கு வந்து குடியேறிய அகதிகளே அந்தச் சமையலைக் கிரேக்க நகரங்களில் பரப்பினார்கள் என்பது பெரும்பாலோர் கருத்து. இதில் ஒரு வேடிக்கையும் உண்டு: வெள்ளரி இந்தியாவில் பிறந்த கொடி. பழைய கிரேக்கரும் ரோமரும் உண்டது வெள்ளரியை ஒத்த ஒரு நீள முலாம்பழ வகை என்றும், இன்றைய வெள்ளரி இடைக்காலத்தில்தான் ஐரோப்பாவை எட்டியது என்றும் தாவர வரலாற்றாய்வாளர் காட்டியிருக்கிறார்கள். கொடி போயிருக்கிறது. பச்சடி போனதற்குச் சான்றில்லை. வெயில் நாடு, மாடு, உப்பு, நீர்க்காய் ஆகியவை இருக்கும் எந்த ஊரிலும் இந்தத் தொடுகறி தானாகவே பிறக்கும். பாரசீகரிடம் 'மாஸ்த்-ஓ-கியார்' இருக்கிறது. வடநாட்டாரிடம் ராய்த்தா இருக்கிறது.

கல்லில் எழுதிய தயிர்

முதலாம் இராசராசன் (985–1014) எடுத்த தஞ்சைப் பெரிய கோயிலின் சுவர்களைப் பலரும் சிற்பத்துக்காகப் பார்க்கிறார்கள். உண்மையில் அவை ஒரு பெரிய வீட்டின் கணக்குப் புத்தகம் போன்றவை. எந்தத் திருமேனிக்கு நாளொன்றுக்கு எவ்வளவு அரிசி, எவ்வளவு நெய், எவ்வளவு கறி, அதற்கு முதல் எவ்வளவு, எந்த ஊர்ச் சபை அந்தக் காசை வட்டிக்கு வாங்கிக்கொண்டது என்பதெல்லாம் கல்லில் இருக்கின்றன. இராசராசனின் தமக்கை குந்தவை எழுந்தருளுவித்த திருமேனிகளுக்கு வைத்த முதலுக்கு, காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு வட்டி. அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை.

சோழர் கால நிவந்தங்களில் உணவுப் பெயர்கள் எல்லாம் 'அமுது' என்று முடியும்: நெய்யமுது, கறியமுது, பருப்பமுது, தயிரமுது, அடைக்காயமுது. முகத்தல் அளவு இது: இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு நாழி. பாண்டி நாட்டில், ஒன்பதாம் நூற்றாண்டின் அம்பாசமுத்திரக் கல்வெட்டு கறிக்குரிய 'காயம்' எவையெவை என்றே பெயர் சொல்கிறது: மிளகு, மஞ்சள், சீரகம், சிறுகடுகு, கொத்துமல்லி. இவற்றோடு பசுந்தயிரையும் அது கேட்கிறது. தஞ்சைக் கல்வெட்டுகளிலும் கடுகு, மிளகு, சீரகம் உண்டு. இன்றைய பச்சடியின் தாளிப்பு டப்பா ஆயிரம் ஆண்டுகளாக அதே டப்பாதான். இல்லாதது மிளகாய் மட்டும். மிளகாய் போர்ச்சுகீசியர் வந்த பின், பதினாறாம் நூற்றாண்டில் இந்தியாவுக்கு வந்தது. பச்சை மிளகாய் இல்லாத பச்சடியை நினைக்க முடியாதவர்கள், பெருமாள் கோயில் மடைப்பள்ளியில் மிளகும் இஞ்சியும் போட்டுச் செய்யும் தயிர்சாதத்தைச் சாப்பிட்டுப் பார்க்கலாம்.

இன்னொரு கணக்கும் பெரிய கோயிலில் இருக்கிறது. ஒரு விளக்குக்கு நாளொன்றுக்கு ஓர் உழக்கு நெய். அந்த உழக்கு நெய்க்காக இடையரிடம் ஒப்படைத்தது 96 ஆடுகள், அல்லது 48 பசுக்கள், அல்லது 16 எருமைகள். 48 பசுவின் பொறுப்புக்கு ஓர் உழக்கு நெய் என்றால், மந்தை பெருகவும் இடையர் பிழைக்கவும் எஞ்சியதெல்லாம் போதுமாக இருந்திருக்க வேண்டும். வெண்ணெய் எடுத்த பின் அந்தக் குடிகளிடம் மிஞ்சியது மோர். விளக்கு எரிந்த ஒவ்வொரு நாளும் எங்கோ ஓர் இடைச்சேரியில் மோர் பெருகியிருக்கிறது. கல்வெட்டு அதைக் கணக்கெடுக்கவில்லை. கோயிலுக்கு வேண்டியது நெய்தானே.

மன்னார்குடி இராசகோபாலசாமி கோயிலில் பங்குனிப் பெருவிழாவின்போது வெண்ணெய்த்தாழி உற்சவம் நடக்கும். தவழும் கண்ணன் கோலத்தில் சாமி வீதிக்கு வர, மக்கள் வெண்ணெயை எடுத்து அவர்மேல் வீசுவார்கள். பால்படு பொருளைக் கொண்டாடப் படுகைக்கு இதைவிடப் பெரிய நாள் கிடையாது.

மராத்தியர் அடுக்களை

தஞ்சையில் மராத்தியர் ஆட்சி பதினேழாம் நூற்றாண்டின் இறுதிக் காற்பகுதியில் ஏகோஜியோடு தொடங்கி 1855 வரை நீண்டது. ஏகோஜியின் அரசி தீபாபாயின் ஆதரவில் இருந்த இரகுநாத பண்டிதர் வடமொழியில் 'போஜன குதூகலம்' என்ற நூலை எழுதினார். உணவுப் பொருள்களின் குணங்களைப் பேசும் இந்நூலில் தயிருக்கும் மோருக்கும் இடம் உண்டு. இரண்டாம் சரபோஜி (1798–1832) காலத்து அரண்மனைச் சமையற்குறிப்புகள் 'சரபேந்திர பாகசாஸ்திரம்' என்ற பெயரில் சரசுவதி மகால் நூலகத்தின் வழியாக அச்சேறியிருக்கின்றன.

மராத்தியருக்கு 'கோசிம்பீர்' என்ற தொடுகறி உண்டு: நறுக்கிய வெள்ளரி, கொத்துமல்லி, சில வீடுகளில் தயிர், சில வீடுகளில் வறுத்த நிலக்கடலைப் பொடி. நம் 'கோசுமல்லி'யோடு பெயரளவிலேயே அதன் ஒற்றுமை தெரியும். தஞ்சை மராத்தியக் குடும்பங்கள் இன்றும் அதைச் செய்கின்றன. ஆனால் தயிர்ப் பச்சடியே அவர்கள் கொடை என்று சொல்ல மாட்டேன். மேலே கண்ட சான்றுகள் அவர்களுக்கு ஆயிரம் ஆண்டுகள் மூத்தவை. சாம்பாரைச் சாம்பாஜியோடு முடிச்சுப் போடும் கதை போல இதற்கும் ஒரு கதை கட்டாமல் விட்டார்களே என்பது ஓர் ஆறுதல்.

தயிர் யாருக்கு, மோர் யாருக்கு?

சமையல் வரலாற்றுக் கட்டுரைகள் அரசர் அடுக்களையோடு நின்றுவிடுகின்றன. ஒரு பதார்த்தம் இருந்தது என்பது வேறு. அது யார் இலையில் இருந்தது என்பது வேறு.

காவிரிப் படுகையின் நாட்டு மாடு உம்பளச்சேரி. நாகப்பட்டினம் மாவட்டத்து உம்பளச்சேரி ஊரின் பெயரால் வழங்குவது. சேற்றில் ஏர் இழுக்கவும் பாரம் இழுக்கவும் இதற்கு இணை கிடையாது. பால் என்று வந்தால் மிகக் குறைவு. நாளுக்கு 2 லிட்டர் கறந்தால் பெரிது. நெல் நாடு உழவுக்குத்தான் மாடு வளர்த்தது, பாலுக்கு அன்று. கறந்த கொஞ்சம் பாலும் கன்றுக்கும் குழந்தைக்கும் போக, தோய்த்த தயிரைக் கடைந்து வெண்ணெய் எடுத்தார்கள். நெய்யானால் காசு. ஆய்மகளின் பழைய கணக்கு இதுதான். ஆகவே, கடையாத முழுத் தயிரை அப்படியே பச்சடிக்கு ஊற்றுவது வசதியானவர் வீட்டுப் பழக்கம். மிராசுதார் வீட்டில் தினமும், மற்றவர் வீட்டில் கலியாணத்துக்கும் பண்டிகைக்கும் என்றே தயிர்ப் பச்சடி இருந்தது.

பண்ணையாட்களுக்கோ கூலி நெல்லாக வந்தது. சாப்பாடு பழைய சோறும் நீராகாரமும். பெரிய வீட்டில் கடைந்து மிஞ்சிய மோர் கொல்லைப்புறத்தில் ஊற்றப்பட்டால் உண்டு. அதிலும் தண்ணீர்தான் பெரும்பங்கு. கீழத்தஞ்சையில் தவறு செய்ததாகச் சொல்லப்பட்ட பண்ணையாளுக்குச் சாணத்தைக் கரைத்துக் குடிக்க வைத்த தண்டனைக்கு இருந்த பெயர் 'சாணிப்பால்'. 'பால்' என்ற சொல்லை அதற்கு வைத்த நாக்கு எப்படிப்பட்டதாக இருந்திருக்கும்! 1940களில் பி. சீனிவாசராவ் முதலியோர் தலைமையில் எழுந்த விவசாயத் தொழிலாளர் இயக்கம் சவுக்கடியையும் சாணிப்பாலையும் ஒழிப்பதையே முதல் கோரிக்கைகளில் வைத்தது. 1952இல் தஞ்சைப் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. தயிர்ப் பச்சடியின் வரலாற்றில் இந்த ஆண்டுக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள், எந்தத் தெருவில் எத்தனை வீடுகளில் தயிர்ப்பானை இருந்தது என்று அந்தக் காலத்து முதியவர்களை விசாரிக்கலாம்.

பிறகு வந்த மாற்றம் பெரியது. 1970இல் தொடங்கிய வெண்மைத் திட்டம், கலப்பினப் பசுக்கள், ஊர்தோறும் பால் கூட்டுறவுச் சங்கம், 1981இல் அமைந்த ஆவின் இணையம் ஆகியவற்றால் நிலமில்லாத வீட்டிலும் ஒரு பசு நின்றது. காலையும் மாலையும் பாலுக்குக் காசு வந்தது. அதே வேகத்தில் கறக்கும் வீட்டில் தோய்ப்பது குறைந்தது என்பதையும் சொல்ல வேண்டும். சொட்டுப் பால்கூடச் சங்கத்துக்குப் போய்விட, தயிர் பாக்கெட்டில் திரும்பி வந்தது. ஆனாலும் கடையில் யார் காசு கொடுத்தாலும் அதே தயிர். கொல்லைப்புறத்துக்குப் போக வேண்டியதில்லை. பாக்கெட் தயிரில் பழைய புளிப்பு இல்லையே என்று அங்கலாய்ப்போர் (நானும் அவர்களில் ஒருவன்) இதையும் சேர்த்தே நினைக்க வேண்டும்.

நீரும் கட்டியும்

முதலில் கேட்ட கேள்விக்கு வருவோம். நம் பச்சடிக்கும் ஜாட்ஸிகிக்கும் பொருள்களில் பெரிய வேறுபாடு இல்லை. வேறுபாடு தண்ணீரில் இருக்கிறது. சோறு நீரை வாங்கிக்கொள்ளும். ஆகவே வெள்ளரி விடும் நீரும் தயிரின் தெளிவும் பச்சடியில் இருந்தால் கெடுதல் இல்லை, நல்லதுதான். ரொட்டி நனைந்தால் கிழியும்; ஆகவே கிரேக்கர் தயிரையும் வடிக்கிறார்கள், வெள்ளரியையும் பிழிகிறார்கள். இடையில் இருக்கும் துருக்கியர் ஜாஜிக்கைத் தண்ணீர் விட்டு நீர்க்கவே செய்து, அரிசிப் பிலாவோடு கரண்டியால் குடிக்கிறார்கள்! அரிசி சேர்ந்ததும் கலவை இளகுகிறது. படுகையில் பிறந்தவருக்கு இது வியப்பாக இராது.

எனவே சப்பாத்தியிலோ ரொட்டியிலோ சுருட்ட வேண்டுமானால், நம் பச்சடியையே வடித்துச் செய்தால் போதும். முறை இது.

அரை லிட்டர் பாலைக் காய்ச்சி, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிட்டு, ஒரு தேக்கரண்டி தயிரில் உறை குத்த வேண்டும். சித்திரை, வைகாசியில் 5 மணி நேரத்தில் உறைந்துவிடும். மார்கழியில் இரவு முழுவதும் போதாது. பாத்திரத்தைத் துணி சுற்றி அடுப்படியில் வைப்பார்கள். பாலில் உள்ள சர்க்கரையை நுண்ணுயிர்கள் அமிலமாக்க, அந்த அமிலத்தில் பால் புரதம் திரண்டு உறைவதே தயிர். உறைந்ததும் குளிர்பெட்டியில் வைத்தால் புளிப்பு ஏறாது. இந்தக் கலவைக்குப் புளிப்பு வேண்டும். ஆகவே உறைந்த பிறகும் இரண்டு மூன்று மணி நேரம் வெளியிலேயே இருக்கட்டும். பாக்கெட் தயிர் வாங்கினாலும் இதே வைத்தியம்தான்.

பிறகு வெள்ளை மல் துணியில் கட்டித் தொங்கவிட வேண்டும். மூன்று மணி நேரத்தில் ஏறத்தாழ பாதி எடை தெளிவாக வடிந்துவிடும். ஒரு நடுத்தர வெள்ளரியைத் தோல் சீவி, விதை முற்றியிருந்தால் வழித்தெறிந்து, துருவி, அரைத் தேக்கரண்டி உப்புப் பிசறிக் கால் மணி நேரம் வைத்தால் நீர் தானே வெளியே வரும். இரு கைகளாலும் இறுகப் பிழிய வேண்டும். இந்த இடத்தில் அவசரப்பட்டால் சுருளின் அடியிலிருந்து நீர் சொட்டும்.

இரண்டு பல் பூண்டை நசுக்கி, வெள்ளரியோடு வடித்த தயிரில் கலக்கலாம். பூண்டு வேண்டாத வீடுகளில் இஞ்சியும் ஒரு சிட்டிகை மிளகும் போதும். கிரேக்கர் சேர்க்கும் 'டில்' கீரை நம் சதகுப்பைக்கு மிக நெருங்கிய உறவு. நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும் சதகுப்பை விதையைத் தொட்டியில் தூவினால் கீரை முளைக்கும், இல்லாவிட்டால் புதினா. ஆலிவ் எண்ணெய் ஒரு மேசைக்கரண்டி. நல்லெண்ணெய் அதே அளவு விட்டால் வாசம் மற்ற எல்லாவற்றையும் அமுக்கிவிடும், ஒரு தேக்கரண்டி போதும். தயிர் போதிய அளவு புளித்திருந்தால் எலுமிச்சை தேவையில்லை. உப்பைக் கடைசியில் பார்த்துப் போடவும், வெள்ளரியில் ஏற்கெனவே இருக்கிறது. கடுகு தாளித்துக் கொட்டினால் அது கிரேக்கம் ஆகாது, ஆனால் நன்றாக இருக்கும்.

மூடிக் குளிர்பெட்டியில் வைத்தால் இரண்டு நாள் தாங்கும். மூன்றாம் நாள் பூண்டு கசக்கத் தொடங்கும். துணியில் வடிந்த தெளிவைக் கொட்டிவிட வேண்டாம். புளித்த அந்த நீரில் சப்பாத்தி மாவு பிசைந்தால் சுருளுக்கு வேண்டிய ரொட்டி மெத்தென்று வரும். மிச்சமிருப்பதை அன்றைய மோர்க்குழம்பில் சேர்த்துவிடலாம்.